கலப்பினக் குடுவைச் செடிகள்: வீட்டு வளர்ப்பின் வரலாறு

கலப்பினக் குடுவைச் செடி என்பது நெப்பந்தஸ் பேரினத்தைச் சேர்ந்த இரண்டு அல்லது அதற்கு மேற்பட்ட சிற்றினங்களின் சேர்க்கையால் உண்டாகும் செடியாகும். குடுவைச் செடி, ஜாடிச் செடி, கெண்டிச் செடி எனத் தமிழில் இதற்குப் பல பெயர்கள் வழங்குகின்றன. பூச்சிகளைப் பிடித்துச் செரிக்கும் ஊனுண்ணித் தாவரம் என்ற அளவில் பள்ளி மாணவர் அனைவரும் இதை அறிவர். இன்று நகரத்து நாற்றங்கால்களில் தொங்கு தொட்டிகளில் விற்கப்படும் குடுவைச் செடிகளில் மிகப் பெரும்பாலானவை காட்டில் தோன்றியவை அல்ல. அவை மனிதர் கைப்படச் செய்த மகரந்தச் சேர்க்கையின் வழிவந்தவை. இவ்வழக்கம் 1862ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் தொடங்கிற்று. இதன் தொடக்கக் கால வரலாற்றில் இலங்கைக்கும் மேகாலயத்துக்கும் பங்கு உண்டு. மேகாலயத்தின் பங்கு நெடுங்காலம் வேறு பெயரில் எழுதப்பட்டிருந்தது.

செடியின் அமைப்பு

நெப்பந்தஸில் ஏறத்தாழ 170க்கும் மேற்பட்ட சிற்றினங்கள் அறியப்பட்டுள்ளன. மேற்கே மடகாஸ்கர் முதல் கிழக்கே நியூ கலிடோனியா வரையும், தெற்கே ஆஸ்திரேலியாவின் வடமுனை வரையும் இவை பரவியுள்ளன. போர்னியோ, சுமத்ரா, பிலிப்பைன்ஸ் தீவுகளில் மிகுதி. இந்தியாவில் ஒன்றே ஒன்றும், இலங்கையில் ஒன்றே ஒன்றும் உள்ளன.

குடுவையைப் பூ என்று எண்ணுவோர் பலர். அது இலையின் ஒரு பகுதியே. இலையின் அடிப்பகுதி அகன்று பச்சையாக இருக்கும். நடுநரம்பு நீண்டு பற்றுக்கம்பியாகும். அதன் நுனி குடுவையாக உருமாறும். குடுவையின் வாய்க்கு மேல் ஒரு மூடி இருக்கும். மூடி முதிர்ந்து ஒருமுறை திறந்தால் பின்னர் மூடுவதில்லை. பூச்சி விழுந்ததும் மூடி சாத்திக்கொள்ளும் என்று இன்றும் சிலர் சொல்வதுண்டு. இந்தப் பிழைக்கு நீண்ட வரலாறு உள்ளது. 1790இல் போர்த்துக்கீசியப் பாதிரியார் லூரெய்ரோ, இன்று நெப்பந்தஸ் மிராபிலிஸ் எனப்படும் செடியை விவரித்தபோது மூடி திறந்து மூடும் என்றே எழுதிவிட்டார். மூடியின் முதன்மை வேலை மழைநீர் உள்ளே விழுந்து செரிப்பு நீர் நீர்த்துப்போகாமல் காப்பதாகும். மூடியின் அடியிலும் வாயின் விளிம்பிலும் தேன் சுரக்கும். விளிம்பு ஈரமானால் வழவழப்பாகிவிடும். தேனுக்கு வந்த எறும்பு வழுக்கி உள்ளே விழும்.

வளர்ப்போர் முதலில் அறிந்துகொள்ள வேண்டிய செய்தி ஒன்று உண்டு. நெப்பந்தஸில் ஆண் செடி வேறு, பெண் செடி வேறு. பப்பாளியைப் போலவும் பனையைப் போலவும் இரண்டும் இருந்தால்தான் விதை உண்டாகும். ஒரு கண்ணாடி வீட்டில் ஒரே சிற்றினத்தின் ஆணும் பெண்ணும் ஒரே வாரத்தில் பூப்பது அரிது. வேறு சிற்றினத்தின் செடி பக்கத்தில் பூத்திருப்பதோ எளிது. கலப்பினங்கள் பெருகியதற்கு ஆர்வம் மட்டும் காரணமன்று, இந்த நெருக்கடியும் ஒரு காரணம். அதோடு இப்பேரினத்தில் குரோமோசோம் எண்ணிக்கை 80 என்று ஆராயப்பட்ட சிற்றினங்களில் கண்டுள்ளனர். ஆகவே கழுதையும் குதிரையும் சேர்ந்து பிறக்கும் கோவேறு கழுதையைப் போல் கலப்பினம் மலடாவதில்லை. கலப்பினத்தோடு கலப்பினத்தைச் சேர்க்கலாம், அதன் வழித்தோன்றலை மீண்டும் சேர்க்கலாம்.

பெயர் வந்த வழி

மடகாஸ்கரில் பிரெஞ்சு ஆளுநராக இருந்த எத்தியேன் த பிளாக்கூர் 1658இல் வெளியிட்ட நூலில்தான் குடுவைச் செடி முதன்முதலாக ஐரோப்பிய எழுத்தில் இடம்பெற்றது. அவர் குடுவையைப் பூவென்றோ காயென்றோ எண்ணிக்கொண்டார். அடுத்து வந்தது இலங்கைச் செடி. 1677இல் டேனிய அறிஞர் பார்த்தோலின் அதை 'வியத்தகு மூலிகை' என்று பொருள்படும் இலத்தீன் பெயரால் குறித்தார். சில ஆண்டுகளில் யாக்கோப் பிரேய்னே என்பவர் சிங்கள மக்கள் வழங்கிய பாந்துரா என்ற பெயரையே எடுத்து 'பாந்துரா சிங்களென்சியம்' என்று எழுதினார். டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் மருத்துவராக 1670களில் இலங்கையில் பணியாற்றிய பால் ஹெர்மனும் செடிகளைத் திரட்டி உலர்த்தி எடுத்துச் சென்றார். அந்தத் தொகுப்பை வைத்தே லின்னேயஸ் 1747இல் இலங்கைத் தாவரங்கள் பற்றிய நூலை எழுதினார். அவர் இலங்கைக்கு வந்ததே இல்லை.

நெப்பந்தஸ் என்ற பெயரை லின்னேயஸ் 1737இல் இட்டார். ஹோமரின் ஒடிசியில் ஹெலன் தன் விருந்தினரின் துயர் மறக்க மதுவில் ஒரு மருந்தைக் கலக்கிறாள். அம்மருந்தின் பெயரிலிருந்து இது எடுக்கப்பட்டது. நெடும்பயணத்தின் களைப்பில் இச்செடியைக் காணும் தாவரவியலாளன் தன் துன்பங்களையெல்லாம் மறப்பான் என்பது அவர் தந்த விளக்கத்தின் கருத்து. 1753இல் இலங்கைச் செடிக்கு நெப்பந்தஸ் டிஸ்டில்லடோரியா என முழுப்பெயர் அமைந்தது. வாலையில் வடித்தெடுத்த நீர் போல் குடுவையில் நீர் நிற்பதால் அப்பெயர். முறைப்படி பெயர் பெற்ற முதல் நெப்பந்தஸ் அதுவே. பாந்துரா என்ற நாட்டுப்பெயர் அறிவியலிலிருந்து விலகிப்போனது ஒரு குறைதான். ஆனால் இலங்கையில் அப்பெயர் இன்றும் வழக்கில் உள்ளது.

பேரினத்தின் முதற்பெயர் என்பதால் டிஸ்டில்லடோரியா என்ற சொல் தோட்டக்காரரிடையே ஏறத்தாழப் பொதுப்பெயராகவே ஆகிவிட்டது. ஆசியாவிலிருந்து கப்பலில் வந்திறங்கிய மெலிந்த குடுவையுடைய செடிக்கெல்லாம் அந்தச் சீட்டையே கட்டினர். பின்னாளில் நேர்ந்த குழப்பத்தின் வேர் இங்கே உள்ளது.

காசி மலையின் செடி

மேகாலயத்தின் காசி, ஜெயந்தியா, காரோ மலைகளில் வளரும் குடுவைச் செடியே இந்தியாவின் ஒரே நெப்பந்தஸ். காசி மக்கள் இதை 'தியூ ராகோட்' என்கின்றனர். பேய்ப்பூ என்று பொருள். காரோ மொழியில் 'மேமாங் கோக்சி', அதாவது பேயின் கூடை. திறவாத குடுவையில் உள்ள நீரைக் கண்ணோய்க்கும் வயிற்றுக் கோளாறுக்கும் நாட்டு மருந்தாகப் பயன்படுத்துவர். ஏறத்தாழ 500 முதல் 1500 மீட்டர் உயரம் வரை, உரமற்ற செம்மண் சரிவுகளிலும் புல்வெளிகளிலும் இது வளர்கிறது.

ஜோசப் டால்ட்டன் ஹூக்கர் 1850இல் காசி மலைகளில் தாவரங்களைத் திரட்டினார். பின்னர் கியூ தாவரவியல் தோட்டத்தின் இயக்குநரான அவரே 1873இல் இச்செடிக்கு நெப்பந்தஸ் காசியானா என்று பெயரிட்டு விவரித்தார். அடுத்த ஆண்டு பெல்பாஸ்ட் நகரில் நடந்த பிரித்தானிய அறிவியல் கழகக் கூட்டத்தில் ஊனுண்ணித் தாவரங்களைப் பற்றி உரையாற்றினார். முட்டையின் வெள்ளைக்கரு, இறைச்சித் துண்டு ஆகியவற்றைக் குடுவைக்குள் இட்டு, அவை கரைவதைச் சோதித்துக் காட்டினார். 1875இல் டார்வினின் ஊனுண்ணித் தாவர நூல் வெளிவந்தது. செடி பூச்சியைத் தின்கிறது என்பது அதுவரை தோட்டக்காரர் பேச்சாக இருந்தது. அதன்பின் அது அறிவியலாயிற்று, அதோடு நாகரிகமும் ஆயிற்று. ஒவ்வொரு செல்வர் வீட்டுக் கண்ணாடி அறையிலும் ஒரு குடுவைச் செடி வேண்டும் என்ற ஆசை பிறந்தது.

செல்சியில் பிறந்த கலப்பினங்கள்

இவ்வாசைக்கு முன்பே நிலம் பண்படுத்தப்பட்டிருந்தது. பிரித்தானியாவில் கண்ணாடி மீதான வரி 1845இல் நீக்கப்பட்டது. நதானியேல் வார்டு என்ற இலண்டன் மருத்துவர் கண்டறிந்த மூடிய கண்ணாடிப் பெட்டியில் செடிகள் கடல் உப்புக் காற்றுப் படாமல் பல மாதக் கப்பல் பயணத்தைத் தாங்கின. நிலக்கரி மலிவாகக் கிடைத்தது. வெந்நீர்க் குழாய்களால் சூடேற்றிய வீடுகளில் குளிர்நாட்டவர் வெப்பமண்டலத்தை உண்டாக்கிக்கொண்டனர்.

அக்காலத்தின் பெரிய நாற்றங்கால் வீச் குடும்பத்தினருடையது. எக்சீட்டரில் தொடங்கி, 1853 முதல் இலண்டன் செல்சியிலும் இயங்கியது. அங்குப் பணியாற்றிய ஜான் டோமினி என்ற தோட்டக்காரர் ஏற்கெனவே பெயர் பெற்றவர். அவர் கலப்பில் உண்டாக்கிய ஆர்க்கிட் 1856இல் பூத்தது. அதைக் கண்ட பேராசிரியர் ஜான் லிண்ட்லி, இனித் தாவரவியலாளர்களுக்குப் பித்துப் பிடிக்கும் என்ற பொருளில் சொன்னதாகக் கூறுவர். அதே டோமினிதான் 1862இல் முதல் செயற்கை நெப்பந்தஸ் கலப்பினத்தையும் தந்தார். நெப்பந்தஸ் × டோமினி என்று அதற்கு அவர் பெயரே சூட்டப்பட்டது. ராஃப்லேசியானாவும் கிராசிலிஸும் அதன் பெற்றோர் எனக் கருதுகின்றனர். பள்ளிப் படிப்பு அதிகம் இல்லாத தோட்டத் தொழிலாளர்களே இவ்வேலையைச் செய்தனர் என்பதைக் குறிப்பிட வேண்டும். செடிகளின் பெயர்களில் பெரும்பாலும் முதலாளிகளும் பிரபுக்களும் இதழாசிரியர்களும் நிற்கின்றனர். டோமினியின் பெயர் நின்றது அரிதான நேர்வு.

ராஃப்லேசியானாவின் கதை தமிழ் வாசகருக்கு நெருக்கமான இடம் ஒன்றோடு தொடர்புடையது. 1819இல் ஸ்டாம்ஃபோர்டு ராஃபிள்ஸ் சிங்கப்பூரில் குடியேற்றத்தை நிறுவியபோது உடன் இருந்த மருத்துவர் வில்லியம் ஜாக் அங்கே இச்செடியைக் கண்டார். சிங்கப்பூரில் இன்றும் ராஃப்லேசியானா, ஆம்புல்லேரியா, கிராசிலிஸ் மூன்றும் இயற்கையாக வளர்கின்றன. ஒன்றோடொன்று கலந்து இயற்கைக் கலப்பினங்களையும் உண்டாக்குகின்றன. நெப்பந்தஸ் × ஹூக்கரியானா அவ்வாறு பிறந்தது. ராஃப்லேசியானாவும் ஆம்புல்லேரியாவும் அதன் பெற்றோர். முதலில் அதைத் தனிச் சிற்றினமென்றே எண்ணினர். மலாய் மொழியில் குடுவைச் செடிக்குக் 'குரங்கின் பானை' என்று பெயர். ஆம்புல்லேரியாவின் குண்டுக் குடுவைகளில் அரிசியும் தேங்காய்ப்பாலும் இட்டு வேகவைத்து உண்ணும் வழக்கம் மலேசியாவில் உண்டு. நம்மூர்ப் பனையோலைக் கொழுக்கட்டைக்கு அது தூரத்து உறவு என்று சொல்லலாம்.

1880களும் 1890களும் கலப்பினங்களின் பொற்காலம். நெப்பந்தஸ் × மாஸ்டர்சியானா 1881இல் காட்சிக்கு வந்தது. வீச் நாற்றங்காலின் கோர்ட் அதை உண்டாக்கினார். தோட்டக்கலை இதழாசிரியர் மாக்ஸ்வெல் மாஸ்டர்ஸின் பெயர் அதற்கு இடப்பட்டது. ராஃப்லேசியானா, ஆம்புல்லேரியா, மிராபிலிஸ் மூன்றின் இரத்தமும் கலந்த × காக்சினியா 1882இல் தோன்றியது. 1888இல் எடின்பரோ அரசத் தாவரவியல் தோட்டத்தில் லிண்ட்சே × டிக்சோனியானாவை உருவாக்கினார்.

இடையில் ஓர் ஓவியரும் வருகிறார். மேரியான் நார்த் 1876இல் சரவாக் சென்று அங்குக் கிடைத்த ஒரு பெரிய குடுவையை எண்ணெய் வண்ணத்தில் தீட்டினார். அந்த ஓவியத்தைக் கண்ட வீச் நிறுவனத்தார் அச்செடியைத் தேடிக் கொணர சார்லஸ் கர்ட்டிஸ் என்பவரை அனுப்பினர். கண்டெடுத்த செடிக்கு 1881இல் ஹூக்கர் நார்த்தியானா எனப் பெயரிட்டார். அதை மாக்சிமாவோடு சேர்த்து டிவி என்ற தோட்டக்காரர் 1893இல் × மிக்ஸ்டாவை உண்டாக்கினார். பின்னர் அவரே மிக்ஸ்டாவையும் டிக்சோனியானாவையும் சேர்த்து 1900இல் × டயரியானாவைத் தந்தார். நார்த்தியானா, மாக்சிமா, ராஃப்லேசியானா, வெய்ச்சியை என நான்கு சிற்றினங்கள் ஒரே தொட்டியில் கூடின. வெவ்வேறு தீவுகளின் மலைகளிலும் கடலோரங்களிலும் வாழும் செடிகள் காட்டில் இவ்வாறு கூடியிருக்க வழியே இல்லை.

பிழையான சீட்டு

மாஸ்டர்சியானாவின் பெற்றோராக அன்றைய ஏடுகள் சாங்குவினியாவையும் டிஸ்டில்லடோரியாவையும் குறித்தன. சாங்குவினியா மலாயாச் செடி. டிஸ்டில்லடோரியா என்றால் இலங்கையின் பாந்துரா. இந்தக் குறிப்பு பல்லாண்டு அப்படியே படியெடுக்கப்பட்டது. ஆனால் அக்காலக் கண்ணாடி வீடுகளில் டிஸ்டில்லடோரியா என்ற சீட்டோடு வளர்ந்தவற்றில் பல உண்மையில் காசி மலையின் காசியானாவே என்பது பிற்கால ஆய்வாளர் கருத்து. மாஸ்டர்சியானாவின் தந்தையும் காசியானா என்றே இன்று பெரும்பாலோர் கொள்கின்றனர்.

இக்குழப்பம் நேர்ந்த விதம் எளிதில் விளங்கும். காசியானாவுக்கு முறையான பெயர் 1873இல்தான் கிடைத்தது. அதற்கு முன்பே ஐரோப்பாவில் வளர்ந்துவந்த காசி மலைச் செடிக்கு வேறு பெயர் இல்லை. குளிரையும் வெயிலையும் ஓரளவு தாங்கும் இயல்பு அதற்கு உண்டு. தாழ்நில ஈரக்காட்டுச் செடியான பாந்துராவோ வெப்பம் சற்றுக் குறைந்தாலும் சுணங்கும். தோட்டத்தில் பிழைத்தது எது, அழிந்தது எது என்று பார்த்தாலே எது எந்தச் செடி என ஐயம் தோன்றியிருக்க வேண்டும். யாரும் சீட்டை மாற்றவில்லை.

இது வெறும் பெயர்ச் சிக்கல் என்று தள்ளிவிட முடியாது. பழைய கலப்பினம் ஒன்று ஏன் குளிரைத் தாங்குகிறது, ஏன் ஒன்று தாங்குவதில்லை என்பதற்கு விடை பெற்றோரிடம் உள்ளது. ஏட்டில் பெற்றோர் பெயர் பிழையானால் அந்த ஏட்டை நம்பி அடுத்த சேர்க்கை செய்பவர் ஏமாறுவார். இந்தியாவின் ஒரே நெப்பந்தஸ் கலப்பின வரலாற்றின் தொடக்கத்திலேயே இடம்பெற்றிருந்தும், பல நூல்களில் அதற்கான வரி இலங்கையின் பெயரில் உள்ளது.

இதே போன்ற மற்றொரு பிழை அண்மைக் காலத்திலும் நேர்ந்தது. உலகெங்கும் மிகுதியாக விற்கப்படும் கலப்பினம் நெப்பந்தஸ் × வெண்ட்ராட்டா. பிலிப்பைன்ஸின் வெண்ட்ரிகோசாவும் அலாட்டாவும் அதன் பெற்றோர் என்று நெடுங்காலம் எழுதப்பட்டது. 2013இல் வெளியான வகைப்பாட்டு ஆய்வுக்குப் பின், தோட்டங்களில் அலாட்டா என்று வளர்ந்தது பெரும்பாலும் கிராசிலிஃப்ளோரா என்னும் வேறு சிற்றினம் எனத் தெரிந்தது. நம் ஊர் நாற்றங்காலில் பெயர்ச்சீட்டின்றி 'பிட்சர் பிளாண்ட்' என்று மட்டும் சொல்லி விற்கப்படுவதும் பெரும்பாலும் இந்த வெண்ட்ராட்டாவே.

சரிவும் மீட்சியும்

முதல் உலகப்போர் இந்தக் கண்ணாடி உலகத்தை உடைத்தது. நிலக்கரிக்குத் தட்டுப்பாடு வந்தது, தோட்டக்காரர்கள் போர்முனைக்குச் சென்றனர். வீச் நிறுவனத்தின் செல்சி நாற்றங்கால் 1914இல் மூடப்பட்டது. நூற்றுக்கும் மேற்பட்ட கலப்பினங்களில் பல அழிந்தன. சில கியூ, எடின்பரோ போன்ற தாவரவியல் தோட்டங்களில் எஞ்சின. ஆய்வுகள் நிற்கவில்லை. மக்ஃபார்லேன் 1908இலும் டான்சர் 1928இலும் வெளியிட்ட நூல்கள் இன்றும் அடிப்படையானவை. ஆனால் வீட்டில் வளர்ப்போர் ஏறத்தாழ இல்லாமலாயினர்.

இரண்டாம் உலகப்போருக்குப் பின் ஜப்பானியர் இக்கலையைத் தொடர்ந்தனர். 1972இல் பன்னாட்டு ஊனுண்ணித் தாவரக் கழகம் தோன்றி, வளர்ப்போரிடையே செய்திமடலை நடத்தியது. கலப்பினப் பெயர்களைப் பதிவு செய்யும் பொறுப்பும் பின்னர் அதற்குக் கிடைத்தது. பெரிய மாற்றம் திசு வளர்ப்பால் வந்தது. ஒரு விதையிலிருந்து ஆயிரக்கணக்கான கன்றுகளைக் கண்ணாடிக் குப்பியில் பெருக்கலாம் என்றான பின், பணக்காரர் வீட்டுப் பொருள் சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கும் பொருளாயிற்று. 1997இல் தொடங்கப்பட்ட போர்னியோ எக்சாடிக்ஸ் என்ற நிறுவனம் இலங்கையின் தேயிலை மலைப்பகுதியில் நாற்றங்கால் அமைத்து உலகெங்கும் நெப்பந்தஸ்களை அனுப்புகிறது. இலண்டன் செல்சி மலர்க்காட்சியில் தங்கப் பதக்கங்களும் பெற்றுள்ளது. செல்சியில் தொடங்கிய வேலை நூறாண்டுக்குப் பின் பாந்துராவின் தீவிலிருந்து செல்சிக்குத் திரும்பிப் போகிறது. தாய்லாந்து நாற்றங்கால்களோ மிராபிலிஸ், ஆம்புல்லேரியா முதலிய தாழ்நிலச் செடிகளின் கலப்பினங்களைப் பெருக்குகின்றன. வெப்ப நாட்டு வீடுகளுக்கு இவையே ஏற்றவை.

சட்டமும் காடும்

காசியானாவுக்கு ஆபத்து பல பக்கங்களிலிருந்து வந்தது. நிலக்கரிச் சுரங்கங்கள், மாற்றிட வேளாண்மை, சாலைகள் ஆகியன அதன் நிலத்தைக் குறைத்தன. செடி வணிகர்களும் கல்லூரிகளுக்கு மாதிரி வழங்குவோரும் காட்டிலிருந்து வேரோடு பறித்துச் சென்றனர். தாவரவியல் ஆய்வகம் தோறும் பார்மலின் குப்பியில் மிதந்த குடுவைகள் எங்கிருந்து வந்தன என்று மாணவர் எவரும் கேட்டதில்லை. ஆசிரியர்களும் சொன்னதில்லை.

1991இல் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தில் தாவரங்களுக்கென ஒரு பிரிவு சேர்க்கப்பட்டது. அதன் பட்டியலில் இடம்பெற்ற ஆறில் குடுவைச் செடியான காசியானாவும் ஒன்று. அதைக் காட்டிலிருந்து பறிப்பதும், உரிமம் இன்றி வளர்ப்பதும் விற்பதும் குற்றமாகும். அருகிவரும் உயிரினங்களின் வணிகம் பற்றிய பன்னாட்டு உடன்படிக்கையில் காசியானா மிகக் கடுமையான முதல் இணைப்பிலும், பிற நெப்பந்தஸ்கள் பெரும்பாலும் இரண்டாம் இணைப்பிலும் உள்ளன. தென் காரோ மலை மாவட்டத்தின் பாக்மாராவில் இச்செடிக்கென்றே ஒரு சரணாலயம் உண்டு. ஷில்லாங்கில் உள்ள வடகிழக்கு மலைப் பல்கலைக்கழகம் திசு வளர்ப்பால் இதைப் பெருக்கும் முறைகளை உருவாக்கியது. கேரளத்தின் பாலோட்டில் உள்ள வெப்பமண்டலத் தாவரவியல் தோட்ட ஆய்வாளர்கள், குடுவையின் விளிம்பு புறவூதா ஒளியில் நீல நிறமாக ஒளிர்வதை 2013இல் கண்டறிந்தனர். எறும்புகளை ஈர்ப்பதில் அந்த ஒளிக்கும் பங்குண்டு என்று அவர்களின் ஆய்வு காட்டியது.

வீட்டில் கலப்பினம் வளர்ப்பது காட்டுச் செடிக்கு நன்மையா தீமையா என்ற கேள்வி எழுவது இயல்பு. திசு வளர்ப்பில் பிறந்த மலிவான கலப்பினம் கையில் கிடைக்கும்போது காட்டுச் செடியைத் தேடிப் போவோர் குறைவர் என்பது ஒருபுறம். அரிய சிற்றினம் வேண்டும் என்ற ஆசையும் அதே வளர்ப்பில்தான் தொடங்குகிறது என்பது மறுபுறம். தொடக்க நிலை வளர்ப்போர் கலப்பினத்தோடு நிற்பதே நல்லது. அது காட்டைக் காப்பதோடு செடியும் பிழைக்கும். பெற்றோரில் ஒன்று மலைச் செடியாகவும் மற்றொன்று தாழ்நிலச் செடியாகவும் இருந்தால் பிள்ளை இரண்டுக்கும் இடைப்பட்ட வெப்பத்தைத் தாங்கும்.

கொங்குச் சமவெளியில் வளர்ப்பு

கொங்கு நாட்டில் இயற்கையான குடுவைச் செடி இல்லை. நீலகிரியில் பனிப்பூண்டு எனப்படும் டிரொசீராவும், ஈரநிலங்களில் நீர்ப்பை கொண்ட யூட்ரிகுலேரியாவும் உண்டு. இந்தியத் தாவரவியல் ஆய்வகத்தின் தெற்கு மண்டலம் 1955 முதல் கோயம்புத்தூரில் இயங்குகிறது. ஏற்காட்டில் உள்ள அதன் ஆர்க்கிட் தோட்டத்தில் காசியானாவைப் பார்க்கலாம். ஏற்காட்டின் குளிர்ச்சி அதற்கு ஒத்துவருகிறது. பர்கூர் மலையின் அடிவாரத்தில் உள்ள அந்தியூர் போன்ற ஊர்களின் நிலை வேறு.

சித்திரை, வைகாசியில் வெயில் 38 பாகையைத் தாண்டும். காற்று வறண்டிருக்கும். கிணற்று நீர் பெரும்பாலும் கடினநீர். மூன்றுமே குடுவைச் செடிக்கு ஆகாதவை. நீர்தான் முதல் எதிரி. உப்பும் சுண்ணாம்பும் கலந்த நீரை ஊற்றினால் சில மாதங்களில் வேர் கருகும். அதற்கு முன்பே புதுக் குடுவைகள் உருவாவது நின்றுவிடும். மழைநீரே சிறந்தது. 2003இல் தமிழ்நாட்டில் எல்லாக் கட்டடங்களுக்கும் மழைநீர் சேகரிப்புக் கட்டாயமாக்கப்பட்டதன் பயனை இச்செடிக்கும் கொடுக்கலாம். ஐப்பசி மழையில் முதல் நீரை வடியவிட்டுப் பின்வருவதைப் பிடித்து மூடி வைத்தால் பல மாதங்களுக்குப் போதும். தீர்ந்தால் ஆர்.ஓ. இயந்திரத்தின் குடிநீரை ஊற்றலாம். அந்த இயந்திரம் வெளித்தள்ளும் கழிவு நீரை ஊற்றக் கூடாது. நீக்கப்பட்ட உப்பெல்லாம் அதில்தான் இருக்கும்.

இடத்தைத் தேர்வதற்கு அந்தியூர் வட்டாரத்து வேளாளருக்கு வேறு யாரும் பாடம் சொல்ல வேண்டியதில்லை. வெற்றிலைக் கொடிக்காலில் அகத்தி மரங்களின் நிழல், ஓடும் வாய்க்கால் ஈரம், காற்றைத் தடுக்கும் வேலி ஆகிய மூன்றும் சேர்ந்து வெளியில் இல்லாத குளிர்ச்சியை உள்ளே உண்டாக்குகின்றன. குடுவைச் செடிக்கு வேண்டியதும் அதே சூழல். கொடிக்காலை விடச் சற்று வெளிச்சம் கூடுதலாக இருக்கலாம். வீட்டின் கிழக்குப் பக்கத்தில் பச்சை நிழல்வலை கட்டி, அடியில் அகன்ற தட்டில் நீர் நிறுத்தி, மேலே தொட்டியைத் தொங்கவிடுவது எளிய வழி. தொட்டியின் அடி நீரில் படக் கூடாது. இலை பச்சையாகப் பெருத்துக் குடுவை வராவிட்டால் வெளிச்சம் போதவில்லை அல்லது காற்றில் ஈரம் குறைவு என்று கொள்ளலாம்.

மண்ணும் எருவும் இதற்கு ஆகா. தொழுவுரம் இட்டுக் கொன்றவர்கள் உண்டு. நன்கு கழுவிய தேங்காய் மட்டைத் துண்டும் பெர்லைட்டும் கலந்து நிரப்பலாம். தென்னை நார்க்கழிவில் உப்பு மிகுதி என்பதால் பலமுறை ஊறவைத்துப் பிழிய வேண்டும். உணவைச் செடியே தேடிக்கொள்ளும். சித்தெறும்பும் கட்டெறும்பும் இல்லாத வீடு கொங்கு நாட்டில் இல்லை. குழந்தைகள் கோழிக்கறித் துண்டைப் போட்டுப் பார்க்க விரும்புவர், குடுவை அழுகிவிடும்.

சேர்க்கை செய்ய விரும்புவோருக்குப் பொறுமை வேண்டும். கன்று பூக்க மூன்று ஆண்டு முதல் ஐந்தாறு ஆண்டு வரை ஆகும். பூத்த பிறகுதான் ஆணா பெண்ணா என்பது தெரியும். ஆண் பூவில் மஞ்சள் மகரந்த உருண்டையும் பெண் பூவில் பச்சைச் சூலகமும் இருக்கும். பக்கத்தில் துணை இல்லையென்றால் மகரந்தத்தைக் காகிதத்தில் மடித்து உலர்ந்த டப்பாவில் இட்டு உறைபெட்டியில் வைத்துக் காக்கலாம், அஞ்சலிலும் அனுப்பலாம். பெண் பூவின் சூல்முடி ஒட்டும் பக்குவத்தில் இருக்கும்போது மெல்லிய தூரிகையால் தடவ வேண்டும். காய் முற்றிப் பிளக்கச் சில மாதங்களாகும். விதை நூல்போல் மெலிந்தது. அது காற்றில் பறந்துவிடாமல் காயைத் துணியால் கட்டிவைப்பர். விதை நீண்ட நாள் தாங்காது. உடனே விதைத்தல் நலம். ஒரே காயில் பிறந்த கன்றுகளும் ஒன்றுபோல் இரா. ஒன்று தாயின் பருத்த குடுவையோடும், மற்றொன்று தந்தையின் சிவந்த விளிம்போடும் வரும். நூறில் தேர்ந்தெடுத்த ஒன்றைத் தண்டுத் துண்டால் பெருக்குவதே வளர்ப்போர் வழக்கம்.

சீட்டு எழுதும் முறையில் உலகெங்கும் ஒரே மரபு உள்ளது. பெண் செடியின் பெயர் முதலிலும், பெருக்கற்குறிக்குப் பின் ஆண் செடியின் பெயரும் எழுத வேண்டும். வெண்ட்ரிகோசா × காசியானா என்றால் தாய் வெண்ட்ரிகோசா, தந்தை காசியானா. பெற்றோரே கலப்பினமானால் அவர்களின் பெற்றோர் பெயரை அடைப்புக்குறிக்குள் இடுவர். சேர்த்த நாளையும் விதைத்த நாளையும் உடன் குறிப்பர். பெற்றோர் தெரியாத கடைச்செடியைப் பயன்படுத்தினால் 'தெரியாது' என்றே எழுதுவர், ஊகித்து எழுதுவதில்லை. நம் வெயிலில் பேனா மை ஓராண்டில் வெளுத்துவிடும். அலுமினியத் தகட்டில் கூர்முனையால் கீறி எழுதித் தொட்டியின் கம்பியில் கட்டுவது பல ஆண்டுகள் நிற்கும்.